யூ.எஸ்.பி. விளக்குகள்: தேர்வும் பயன்பாடும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யூ.எஸ்.பி. என்பது விசைப்பலகை, அச்சுப்பொறி போன்றவற்றைக் கணினியோடு இணைப்பதற்காக 1996-இல் வந்த ஏற்பாடு. அதில் விளக்கு எரியும் என்று அன்று யாரும் பெரிதாக நினைத்திருக்க மாட்டார்கள். ஆனால் 5 வோல்ட் மின்சாரம் எளிதாகக் கிடைக்கும் இடமாக அந்தச் சிறு முனை மாறிவிட்டதால், படிக்கும் விளக்கு, இரவு விளக்கு, மின்வெட்டு விளக்கு என எல்லாமே இன்று அதில் வந்து சேர்ந்துவிட்டன. கீழே உள்ள விடைகளில் ஒரு பெருக்கல் கணக்கு அடிக்கடி தலைகாட்டும்: வோல்ட்டை ஆம்பியரால் பெருக்கினால் வாட் கிடைக்கும். பெட்டியின் மேல் அச்சிட்டிருப்பவற்றில் எது உண்மை, எது அலங்காரம் என்பதைப் பெரும்பாலும் இந்த ஒரு கணக்கே காட்டிக்கொடுத்துவிடும்.

கேள்வி: கேபிளில் மட்டும் எரியும் விளக்கு, உள்ளே பேட்டரி உள்ள விளக்கு – இரண்டில் எதை வாங்குவது?

விளக்கு எங்கே நிற்கப்போகிறது என்பதைப் பொறுத்தது அது. ஆண்டு முழுவதும் ஒரே மேசையில் நிற்கும் விளக்குக்குப் பேட்டரி தேவையில்லை. பேட்டரி இருந்தால் விலையும் எடையும் கூடும். நான்கைந்து ஆண்டுகளில் பேட்டரி தளர்ந்துபோகும்போது, நன்றாக இருக்கும் விளக்கையும் அது கூடவே இழுத்துக்கொண்டு போய்விடும். கையில் எடுத்துக்கொண்டு அறைக்கு அறை போவதற்கும், அலமாரிக்குள் ஒட்டிவைப்பதற்கும், மின்வெட்டின்போது உடனே எரியவைப்பதற்கும் பேட்டரி உள்ளதுதான் வசதி. வீட்டில் ஏற்கெனவே ஒரு பவர் பேங்க் இருக்குமானால், பேட்டரி இல்லாத நல்ல மேசை விளக்கை வாங்கி, மின்சாரம் போனால் அதைப் பவர் பேங்கில் செருகிக்கொள்வதையே நான் பரிந்துரைப்பேன்.

கேள்வி: கணினியின் யூ.எஸ்.பி. முனையில் செருகினால் எவ்வளவு வெளிச்சம் கிடைக்கும்?

பழைய யூ.எஸ்.பி. 2.0 முனை தருவதாக ஒப்புக்கொண்ட மின்னோட்டம் அரை ஆம்பியர். 5 வோல்ட்டோடு பெருக்கினால் 2.5 வாட். நீல நிற யூ.எஸ்.பி. 3.0 முனையில் 0.9 ஆம்பியர், அதாவது 4.5 வாட். சாதாரணத் தரமுள்ள எல்.இ.டி. விளக்கு ஒரு வாட்டுக்கு ஏறத்தாழ 80 முதல் 100 லூமன் (விளக்கு தரும் மொத்த ஒளியின் அளவு) வரை வெளிச்சம் தரும் என்று வைத்துக்கொண்டால், 2.5 வாட்டில் 200 முதல் 250 லூமன் வரை கிடைக்கும். அந்தக் காலத்து 60 வாட் குண்டு பல்பு தந்தது ஏறத்தாழ 800 லூமன் என்பதை நினைத்துப்பார்த்தால், யூ.எஸ்.பி. விளக்கு தருவது அதில் கால்பங்கு அல்லது அதைவிடச் சற்று அதிகம் என்பது விளங்கும்.

கால்பங்கு என்றதும் சோர்ந்துவிட வேண்டாம். 200 லூமன் வெளிச்சம் 60 சென்டிமீட்டர் நீளமும் 60 சென்டிமீட்டர் அகலமும் உள்ள மேசைப் பரப்பில் மட்டும் சீராக விழுந்தால், அங்கே 550 லக்ஸுக்கு (ஒரு சதுர மீட்டர் பரப்பில் விழும் லூமன்) மேல் கிடைக்கும். எழுதுவதற்கும் படிப்பதற்கும் அலுவலகங்களில் பொதுவாக எதிர்பார்க்கப்படும் அளவு 500 லக்ஸ். அதே 200 லூமனை மூன்று மீட்டருக்கு மூன்று மீட்டர் அறையின் தரை முழுவதும் பரப்பினால் 22 லக்ஸ்தான் மிஞ்சும். ஆளை அடையாளம் காணலாம், எழுத்தைப் படிப்பது கடினம். ஆகவே யூ.எஸ்.பி. விளக்கைப் பொருளுக்கு அருகே கொண்டுவந்து வைத்தால்தான் அது உதவும். அறைக்கு ஒளியூட்ட வேறு விளக்கு வேண்டும்.

கேள்வி: பெட்டியில் 20 வாட் என்று எழுதியிருக்கிறது. அதை நம்பலாமா?

விளக்கின் அடிப்பகுதியில் ஒட்டியுள்ள சிறு சீட்டைப் பாருங்கள். உள்ளீடு 5 வோல்ட், 1 ஆம்பியர் என்று அங்கே இருந்தால், கேபிளில் மட்டும் எரியும் அந்த விளக்கு 5 வாட்டுக்கு மேல் எடுக்கவே முடியாது. எடுக்காததை ஒளியாகத் தரவும் முடியாது. 20 வாட் என்பது பழைய பல்போடு ஒப்பிட்டுச் சொன்ன கணக்காக இருக்கலாம், அல்லது உள்ளே உள்ள எல்.இ.டி. சில்லுகள் ஒவ்வொன்றும் தாங்கக்கூடிய உச்ச அளவைக் கூட்டிச் சொன்னதாக இருக்கலாம். லூமன் எண்ணே குறிப்பிடாமல் வாட்டை மட்டும் பெரிதாக அச்சிட்ட பெட்டியை நான் திரும்ப அலமாரியிலேயே வைத்துவிடுவேன்.

கேள்வி: 65 வாட் வேகச் சார்ஜரில் சிறிய விளக்கைச் செருகினால் எரிந்துபோகுமா?

போகாது. 65 வாட் என்பது அந்தச் சார்ஜர் தரக்கூடிய உச்ச அளவு. விளக்கு தனக்கு வேண்டிய மின்னோட்டத்தை மட்டுமே எடுத்துக்கொள்ளும். வேகச் சார்ஜர்கள் 9, 15, 20 வோல்ட் என்று உயர்வது உண்மைதான். ஆனால் எதிரில் உள்ள கருவி அதற்கான மொழியில் கேட்டால்தான் உயரும். விளக்குக்கு அந்த மொழி தெரியாதென்றால் சார்ஜர் 5 வோல்ட்டிலேயே நின்றுவிடும்.

ஆபத்து வேறோர் இடத்தில் இருக்கிறது. சில விளக்குகளில் யூ.எஸ்.பி. துளைக்குப் பதிலாக உருண்டையான ஊசித் துளை இருக்கும். ஒரு முனையில் யூ.எஸ்.பி., மறுமுனையில் உருண்டை ஊசி உள்ள கேபிளை உடன் தந்திருப்பார்கள். அந்த ஊசி, வீட்டில் கிடக்கும் இணைய ரவுட்டரின் 12 வோல்ட் அடாப்டர் ஊசியைப் போலவே இருக்கும். துளைக்குள் கச்சிதமாகவும் பொருந்தும். மாற்றிச் செருகிய மறுகணமே விளக்கின் உள் சுற்று கருகிவிடக்கூடும். இத்தகைய விளக்கின் துளைக்கு அருகே 5 வோல்ட் என்று எழுதி ஒட்டிவைப்பது சிறுபிள்ளைத்தனம் அல்ல.

கேள்வி: டைப்-சி துளை உள்ள விளக்கு, இரு முனையும் டைப்-சி ஆன கேபிளில் சார்ஜ் ஏறவே இல்லை. விளக்கு பழுதா?

பெரும்பாலும் பழுதில்லை. தயாரிப்பாளர் செய்த சிக்கனம் இது. என் மேசையில் இருந்த விளக்கு ஒன்று இப்படித்தான் என்னை இரண்டு நாள் அலைக்கழித்தது. புதிய சார்ஜர், புதிய கேபிள், இரு முனையும் டைப்-சி. சார்ஜ் ஏறுவதைக் காட்டும் சிவப்புப் புள்ளி எரியவே இல்லை. விளக்கைத் திருப்பிக் கொடுக்கப் பெட்டியில் வைத்துவிட்டேன். கடைசி முயற்சியாக, பெட்டிக்குள் கிடந்த, ஒரு முனை பழைய அகலமான டைப்-ஏ ஆக உள்ள குட்டையான கேபிளைப் பழைய போன் சார்ஜரில் செருகியதும் சிவப்புப் புள்ளி உடனே எரிந்தது.

காரணம் எளிது. பழைய டைப்-ஏ முனையில் 5 வோல்ட் எப்போதும் வந்துகொண்டே இருக்கும். டைப்-சி முனையில் அப்படி வராது. எதிரில் மின்சாரம் பெறும் கருவி ஒன்று இணைந்திருக்கிறது என்பது உறுதியான பிறகே சார்ஜர் மின்சாரத்தைத் திறந்துவிடும். அதை உறுதிசெய்வதற்கு, விளக்கின் துளைக்குப் பின்னால் சி.சி. என்று பெயர்பெற்ற இரண்டு இணைப்புகளிலும் 5.1 கிலோ ஓம் மின்தடை ஒவ்வொன்று இருக்க வேண்டும். மணல் பருமனே உள்ள, மிக மலிவான அந்த இரண்டு மின்தடைகளை விட்டுவிட்டால், சார்ஜரின் கண்ணுக்கு எதிரில் யாருமே இல்லை. டைப்-ஏ முனையிலிருந்து டைப்-சிக்கு வரும் கேபிளைப் பயன்படுத்தினால் இந்தக் கேள்வி எழுவதே இல்லை என்பதால் விளக்கு வேலை செய்துவிடுகிறது. ஒரு மின்தடையை மட்டும் வைத்த விளக்குகளும் உண்டு; அவற்றில் கேபிளை ஒரு பக்கமாகச் செருகினால் ஏறும், திருப்பிச் செருகினால் ஏறாது.

கடையில் வாங்கும்போது இதைச் சோதிக்க முடிந்தால் சோதித்துவிடுங்கள். முடியாவிட்டால், உடன்வந்த கேபிளைப் பத்திரப்படுத்தி வையுங்கள். அந்த விளக்குக்கு அதுதான் சாவி.

கேள்வி: மைக்ரோ யூ.எஸ்.பி. துளை உள்ள விளக்கை இப்போதும் வாங்கலாமா?

வேறு வழியில்லை என்றால் வாங்கலாம். ஐரோப்பிய ஒன்றியம் 2024 டிசம்பர் 28 முதல் போன், டேப்லெட், கேமரா முதலிய பல கருவிகளுக்கு டைப்-சியைக் கட்டாயமாக்கியது. ஆனால் விளக்குகள் அந்தப் பட்டியலில் இல்லை. அதனால் போன்களிலிருந்து மறைந்துவிட்ட மைக்ரோ துளை விளக்குகளில் இன்னும் உயிரோடு இருக்கிறது. அடிக்கடி செருகி எடுப்பதால் அந்தத் துளை தளர்ந்துபோவது விளக்கு சாக ஒரு காரணமாகவும் அமைந்துவிடுகிறது. இருவகையும் கிடைக்குமானால் டைப்-சியையே எடுங்கள்.

கேள்வி: நீளமான கேபிள் போட்டதும் விளக்கு மங்கிவிட்டது. ஏன்?

கேபிளுக்குள் இருக்கும் செப்புக் கம்பி முடிபோல மெல்லியது. மெல்லிய கம்பி உள்ள 3 மீட்டர் கேபிளில் மின்சாரம் போவதற்கு 3 மீட்டர், திரும்புவதற்கு 3 மீட்டர் என 6 மீட்டர் பயணம் செய்கிறது. 1 ஆம்பியர் எடுக்கும் விளக்கானால், வழியிலேயே ஒரு வோல்ட்டுக்கு மேல் தொலைந்துபோய், 5 வோல்ட்டாகக் கிளம்பியது 4 வோல்ட்டுக்கும் குறைவாக வந்து சேரும். அந்த அளவில் சில விளக்குகள் மங்கும், சில விட்டுவிட்டு எரியும். தடித்த கம்பி உள்ள கேபிளை வாங்குவது ஒரு வழி. சார்ஜரை விளக்குக்கு அருகே கொண்டுவந்து, மின்பலகையிலிருந்து சார்ஜர் வரையுள்ள தொலைவுக்குச் சாதாரண நீட்டிப்பு வயரைப் பயன்படுத்துவது அதைவிட நல்ல வழி.

கேள்வி: பவர் பேங்கில் இரவு விளக்கைச் செருகினால் அரை நிமிடத்தில் அணைந்துவிடுகிறதே?

பவர் பேங்க், போன் முழுதாகச் சார்ஜ் ஆகிவிட்டதா என்பதை மின்னோட்டத்தின் அளவைக் கொண்டே ஊகிக்கிறது. பல பவர் பேங்குகள் 50 முதல் 100 மில்லி ஆம்பியருக்குக் கீழே மின்னோட்டம் இறங்கினால் வேலை முடிந்தது என்று எண்ணித் தானே அணைந்துகொள்ளும். 0.3 வாட் இரவு விளக்கு எடுப்பது 60 மில்லி ஆம்பியர்தான். காதுக்கருவி போன்ற சிறு கருவிகளுக்கென்று குறைந்த மின்னோட்ட நிலை உள்ள பவர் பேங்க் இருந்தால், பொத்தானை இருமுறை அழுத்துவது போன்ற ஏதோவொரு முறையில் அதை இயக்கலாம். இல்லாவிட்டால், ஒளியை ஒரு படி கூட்டிவையுங்கள்.

பெரிய விளக்கானால் இந்தத் தொல்லை இல்லை. 10,000 மில்லி ஆம்பியர் மணி என்று குறித்த பவர் பேங்க், உள்ளே 3.7 வோல்ட்டில் 37 வாட் மணி ஆற்றலை வைத்திருக்கிறது; 5 வோல்ட்டாக உயர்த்தும்போது ஏற்படும் இழப்பைக் கழித்தால் கையில் 32 வாட் மணி அளவுக்கு வரும். 2.5 வாட் விளக்கை அதில் 12 மணி நேரத்துக்குக் குறையாமல் எரிக்கலாம்.

கேள்வி: விளக்கின் பேட்டரி எத்தனை மணி நேரம் தாங்கும் என்பதை எப்படிக் கணிப்பது?

மேலே செய்த அதே கணக்குதான். பேட்டரி 2000 மில்லி ஆம்பியர் மணி என்றால், அதை 3.7 வோல்ட்டால் பெருக்க 7.4 வாட் மணி வரும். முழு ஒளியில் 2 வாட் எடுக்கும் விளக்கு, சிறு இழப்பையும் கழித்தால், மூன்று மணி நேரத்துக்குச் சற்று மேல் எரியும். பெட்டியில் 40 மணி நேரம் என்று இருந்தால் அது பொய்யாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை. மிகமிக மங்கிய நிலையில் எரியும் நேரத்தைச் சொல்லியிருப்பார்கள். முழு ஒளியில் எத்தனை மணி நேரம் என்பதைத் தேடிப்பாருங்கள். அது சொல்லப்படாத பெட்டிகளே அதிகம்.

பேட்டரியின் எண்ணையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது. விளக்குகளில் அதிகம் காணப்படும் உருளை பேட்டரிக்கு 18650 என்று பெயர். 18 மில்லிமீட்டர் விட்டம், 65 மில்லிமீட்டர் நீளம் என்பதைத்தான் அந்த எண் சொல்கிறது. புகழ்பெற்ற தயாரிப்பாளர்களின் நல்ல 18650 பேட்டரிகளே பொதுவாக 3500 மில்லி ஆம்பியர் மணியைச் சுற்றித்தான் நிற்கின்றன. ஒரே ஒரு உருளையின் மேல் 9900 என்று அச்சிட்டிருந்தால், அச்சடித்தவருக்குக் கூச்சம் இல்லை என்பதைத் தவிர அதில் தெரிந்துகொள்ள எதுவும் இல்லை. உண்மையான பேட்டரி 45 கிராமுக்குக் குறையாமல் கையில் கனக்கும். தக்கை போல் இருந்தால் ஐயப்படலாம்.

கேள்வி: பெரிய சார்ஜரில் போட்டால் சீக்கிரம் சார்ஜ் ஏறுமா?

ஏறாது. விளக்கின் உள்ளே உள்ள சுற்று அரை ஆம்பியர்தான் எடுப்பேன் என்று இருந்தால், எந்தச் சார்ஜரில் போட்டாலும் 2000 மில்லி ஆம்பியர் மணி பேட்டரி நிறைவதற்கு நான்கு முதல் ஐந்து மணி நேரம் ஆகும்.

கேள்வி: சார்ஜ் ஏறும்போதே விளக்கை எரிக்கலாமா?

நன்றாக வடிவமைத்த விளக்குகளில் எரிக்கலாம். அவை கேபிளில் வரும் மின்சாரத்தை நேரே விளக்குக்கும், மிச்சத்தைப் பேட்டரிக்கும் பிரித்துக் கொடுக்கும். மலிவான விளக்குகளில் விளக்கும் பேட்டரியும் ஒரே இடத்தில் இணைந்திருக்கும். பேட்டரி நிறைந்ததும் மின்னோட்டம் மெல்லக் குறைவதைப் பார்த்துத்தான் சார்ஜ் சுற்று நிறுத்திக்கொள்ள வேண்டும். விளக்கு இடையில் உறிஞ்சிக்கொண்டே இருந்தால் அந்தக் குறைவு அதற்குத் தெரிவதில்லை. பேட்டரி நாள்கணக்கில் 4.2 வோல்ட் உச்சத்திலேயே, வெதுவெதுப்பாக, நின்றுகொண்டிருக்கும். அதன் ஆயுள் குறைய இதைவிட வேறு வினை வேண்டாம். விளக்கு எவ்வகை என்று தெரியாவிட்டால், எரிப்பதையும் ஏற்றுவதையும் தனித்தனியே வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: மஞ்சள் ஒளியா, வெள்ளை ஒளியா?

ஒளியின் நிறத்தைக் கெல்வின் என்ற அளவில் குறிப்பார்கள்: 2700 கெல்வின் என்பது பழைய குண்டு பல்பின் மஞ்சள், 4000 இடைநிலை, 6500 நண்பகல் வானத்தின் நீலம் கலந்த வெள்ளை. பகலில் படிக்க 4000 போதும்; படுக்கைக்கு அருகே 2700-தான் இதமாக இருக்கும். இரண்டையும் மாற்றிக்கொள்ளும் பொத்தான் உள்ள விளக்குகளில் ஒன்றைக் கவனியுங்கள்: மஞ்சளுக்கென ஒரு வரிசை எல்.இ.டி., வெள்ளைக்கென ஒரு வரிசை இருக்கும். இடைநிலையில் மட்டும் இரண்டும் சேர்ந்து எரியும்.

துணியின் நிறம் பார்க்கவும், ஓவியம் தீட்டவும், தையல் நூலைப் பொருத்தவும் பயன்படப்போகும் விளக்கானால் சி.ஆர்.ஐ. என்ற எண்ணைப் பாருங்கள். நிறங்களை எவ்வளவு இயல்பாகக் காட்டுகிறது என்பதை 100-க்கு அளந்து சொல்வது அது. 80 உள்ள விளக்கின்கீழ் சிவப்பு சற்றே செத்துப்போய்த் தெரியும். 90-க்கு மேல் இருந்தால் உள்ளங்கையின் நிறம் உள்ளங்கையின் நிறமாகவே இருக்கும்.

கேள்வி: நெடுநேரம் படித்தால் கண் வலிக்கிறது. விளக்குதான் காரணமா?

இரண்டு காரணங்களை வீட்டிலேயே சோதித்துப் பார்க்கலாம். முதலாவது, ஒளியின் துடிப்பு. ஒளியை மங்கவைப்பதற்குப் பல விளக்குகள் எல்.இ.டி.யை நொடிக்குப் பல நூறு முறை அணைத்து ஏற்றுகின்றன. விளக்கை மிகக் குறைந்த ஒளியில் வைத்து, அதற்குக் கீழே ஒரு பென்சிலை விசிறி போல வேகமாக ஆட்டுங்கள். பென்சில் ஒரே கலங்கலாகத் தெரிந்தால் நல்லது. தனித்தனிப் பென்சில்களாக வரிசையாகத் தெரிந்தால் விளக்கு துடிக்கிறது. போன் கேமராவில் கருப்புப் பட்டைகள் ஓடுவதும் இதே அறிகுறி. முழு ஒளியில் இந்தத் துடிப்பு பெரும்பாலும் இருக்காது என்பதால், மங்கவைப்பதைத் தவிர்த்து விளக்கைச் சற்றுத் தள்ளிவைத்தாலே நிவாரணம் கிடைக்கும்.

இரண்டாவது, விளக்கை வைத்த இடம். நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தால் எல்.இ.டி. புள்ளிகள் கண்ணுக்கு நேரே தெரியக் கூடாது. விளக்குத் தலையின் விளிம்பு அவற்றை மறைக்க வேண்டும். வலக்கையால் எழுதுபவருக்கு ஒளி இடப்பக்கத்திலிருந்து வந்தால்தான் கையின் நிழல் எழுத்தின் மேல் விழாது. இடக்கையால் எழுதுபவருக்கு வலப்பக்கம். சுற்றிலும் இருட்டாக வைத்துக்கொண்டு மேசையில் மட்டும் ஒளி பாய்ச்சுவதும் கண்ணைச் சோரவைக்கும்; அறை விளக்கும் கொஞ்சம் எரியட்டும்.

கேள்வி: மின்வெட்டுக்காக வாங்கிய விளக்கு, தேவைப்பட்ட நாளில் எரியவில்லை. எப்படிப் பராமரிப்பது?

லித்தியம் அயனி பேட்டரியை முழுதாக வடியவிட்டு மாதக்கணக்கில் அலமாரியில் போட்டால், அது மீண்டும் சார்ஜ் ஏற்றிக்கொள்ள மறுக்கும் அளவுக்கு ஆழத்துக்குப் போய்விடும். தொடுசுவிட்ச் உள்ள விளக்குகள் அணைத்த நிலையிலும் மிகச் சிறிதளவு மின்சாரத்தைக் குடித்துக்கொண்டே இருப்பதால் இது இன்னும் விரைவாக நேரும். இரண்டு மாதத்துக்கு ஒருமுறை எரித்துப் பார்த்து, குறைந்திருந்தால் ஏற்றிவையுங்கள். வெயில் விழும் சன்னலோரமோ அடுப்படியோ அதற்கு இடமல்ல; வெப்பம்தான் லித்தியம் பேட்டரிக்கு முதல் எதிரி. கனமான பழைய எமர்ஜென்சி விளக்குகளில் இருப்பது ஈய அமில பேட்டரி. அதைப் பாதியில் வைத்தால் கெடும், எப்போதும் முழுதாக ஏற்றியே வைக்க வேண்டும்.

கேள்வி: குளியலறையிலும் வெளியிலும் பயன்படுத்தலாமா?

தூசியையும் நீரையும் எவ்வளவு தடுக்கும் என்பதைச் சொல்லும் ஐ.பி. எண்ணைப் பாருங்கள். 44 என்றால் தெறிக்கும் நீரைத் தாங்கும். 67 என்றால் ஒரு மீட்டர் ஆழ நீரில் அரை மணி நேரம் கிடந்தாலும் தாங்கும். ஆனால் இந்த எண், சார்ஜ் துளையின் ரப்பர் மூடி இறுக மூடியிருக்கும்போதுதான் செல்லும். கேபிள் செருகிய நிலையில் எந்த விளக்கும் ஈரத்துக்கு உரியதல்ல. உறைபனிக் குளிரில் விளக்கை எரிக்கலாம், சார்ஜ் ஏற்றக் கூடாது. வீட்டுக்குள் கொண்டுவந்து குளிர் விட்ட பிறகு ஏற்றுங்கள்.

கேள்வி: விளக்கின் அடிப்பகுதி உப்பியிருக்கிறது. தொடர்ந்து பயன்படுத்தலாமா?

கூடாது. உள்ளே பேட்டரியில் வாயு சேர்ந்திருக்கிறது. சார்ஜிலிருந்து எடுத்துவிடுங்கள், அழுத்தவோ குத்தவோ திறக்கவோ முயலாமல், எரியும் பொருள்கள் அருகில் இல்லாத இடத்தில், ஒரு மண்சட்டியிலோ உலோகப் பாத்திரத்திலோ வைத்து, மின்னணுக் கழிவு சேகரிக்கும் இடத்தில் ஒப்படையுங்கள். வீட்டுக் குப்பையோடு போட்டால், குப்பை வண்டி நசுக்கும்போது தீப்பிடிக்கக்கூடும். மெத்தையின் மேலும் தலையணைக்கு அடியிலும் எந்த விளக்கையும் சார்ஜ் போடாதீர்கள்.

கேள்வி: பேட்டரி ஓய்ந்துவிட்டால் விளக்கையே எறிய வேண்டியதுதானா?

விளக்கைத் திறக்க முடிகிறதா என்பதைப் பொறுத்தது. திருகாணி போட்ட விளக்கானால், பழுதுபார்ப்பவர் அதே வகை, அதே வோல்ட், அதே அளவுள்ள புதிய பேட்டரியை மாற்றித் தந்துவிடுவார். பழையதில் பாதுகாப்புச் சுற்று இருந்தால் புதியதிலும் இருக்க வேண்டும் என்பதை மட்டும் சொல்லிவையுங்கள். பசை வைத்து ஒட்டிய விளக்கைத் திறக்க முயன்றால் கூடு உடையும், கத்தி பேட்டரிக்குள் இறங்கும். வாங்கும்போதே விளக்கைத் தலைகீழாகத் திருப்பி, அடியில் ஒட்டியுள்ள ரப்பர் பாதங்களைச் சற்று நிமிண்டிப் பாருங்கள். திருகாணித் தலைகள் பெரும்பாலும் அங்கேதான் ஒளிந்திருக்கும்.